கொழும்புத்துறையில் நான் குடிக்காத தேத்தண்ணீர்

புதிதாக வேலைக்கு வந்திருக்கும் பொதுச் சுகாதாரப் பரிசோதகர்கள் சேர்ந்து ஒரு மலர் போடுகிறார்கள். அண்மையில் ஓய்வு பெற்ற எங்களிடம் ஆளுக்கொரு கட்டுரை கேட்டார்கள். நான் எதை எழுத வேண்டும் என்பதையும் அவர்களே தீர்மானித்துக்கொண்டு வந்திருந்தார்கள்.

“சேர், அந்த நெருப்புக்காய்ச்சல் கேசை எழுதுங்கோ. வகுப்பிலை சொல்லுவியளே, அப்பிடியே எழுதினால் காணும்.”

நெருப்புக்காய்ச்சல் என்று எங்கள் பக்கம் சொல்வது டைபோயிட்டை. யாழ்ப்பாணக் கடற்கரையிலுள்ள கொழும்புத்துறையில் ஒரு ஒடுங்கிய ஒழுங்கையில் அது பரவியபோது ஒரு குடும்பம் காய்ச்சல்காரப் பிள்ளையை என்னிடம் மறைத்துவிட்டது. காய்ச்சல் தெரிந்தால் வியாபாரத்தை நிறுத்திவிடுவார்கள் என்ற பயத்தில் மறைத்தார்கள் என்று நான் வகுப்புகளில் சொல்லி வந்தேன். பிழைப்புப் போய்விடும் என்ற பயம் நோயை ஒளிக்கும், ஆகையால் முதலில் அந்தப் பயத்தைப் போக்குங்கள் என்று முடிப்பேன். பிள்ளைகள் குறித்துக்கொள்வார்கள்.

அந்தக் கதையை நான் பிழையாகச் சொல்லி வந்திருக்கிறேன். அது போன மாதம்தான் எனக்குத் தெரிந்தது, என் மகள் பட்டணத்துக்குள் நடத்தும் சாப்பாட்டு நடைக்குப் போன அன்று.

பயிற்சிக் காலத்தைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. மலக்குழிக்கும் கிணற்றுக்கும் இடையில் இருக்க வேண்டிய தூரம், இறைச்சியில் குத்தும் முத்திரை, கொசுப் புழுவான நுளம்புக் குடம்பி, சட்டப் பிரிவுகள் எல்லாம் மனப்பாடம். புத்தூரில் வெங்காயம் செய்கிற வீட்டிலிருந்து போன எனக்கு, மற்றவர்களின் குசினிக்குள் கேட்டுக் கேள்வியில்லாமல் நுழையலாம் என்ற அதிகாரம் முதலில் வெட்கமாகத்தான் இருந்தது. அந்த வெட்கம் போகாமலே இருந்திருக்கலாம் என்று இப்போது நினைக்கிறேன்.

வேலையைக் கற்றுத் தந்தவர் என் மேற்பார்வையாளர் குலசேகரம் சேர். மெலிந்த மனிதர். வெள்ளைக் காற்சட்டை, சைக்கிள், தோளில் ஒரு துணிப்பை. பைக்குள் வீட்டிலிருந்து கொண்டுவரும் தேத்தண்ணீர்ப் போத்தல். கடைக்குள் போனால் சமையலைப் பார்க்கமாட்டார். முதலில் மேசை துடைக்கும் துணியைப் பார்ப்பார், பிறகு பரிமாறுகிறவரின் நகத்தை, அதன் பிறகு தண்ணீர்ப் பீப்பாவின் மூடியை. ‘ஊத்தை’ என்ற சொல்லை அவர் வாயிலிருந்து நான் கேட்டதில்லை. “இதைத் திருத்தலாம்” என்பார். அதற்கே கடைக்காரருக்கு வேர்த்துவிடும்.

அவர் எனக்குப் போட்ட முதல் சட்டம் எந்தப் புத்தகத்திலும் இல்லாதது.

“தம்பி, உம்மடை பிரிவுக்குள்ளை ஒரு இடத்திலையும் வாய் நனைக்கக்கூடாது. இண்டைக்குத் தேத்தண்ணி. நாளைக்குச் சாப்பாடு. நாளையிண்டைக்கு அவன்ரை கடையைப் பூட்ட உமக்குக் கை வராது.”

அந்தச் சட்டத்தை நான் சேவைக்காலம் முழுவதும் மீறியதில்லை. அச்சுவேலியில் வேலை செய்தபோது அச்சுவேலிச் சந்தையில் ஒரு வாழைப்பழம் வாங்கித் தின்றதில்லை. கலியாண வீட்டுக்குப் போனால் முன்கதவால் போய் மொய்யைக் கொடுத்துவிட்டு வந்துவிடுவேன். எனக்கு அதில் பெருமை இருந்தது. பெருமை என்று அப்போது சொல்லியிருக்கமாட்டேன், கடமை என்று சொல்லியிருப்பேன்.

குலசேகரம் சேரிடம் இன்னொரு பழக்கமும் இருந்தது. எந்த வீட்டுக்குப் போனாலும், “அம்மா, உங்கடை கிணத்திலை முகம் கழுவலாமோ?” என்று கேட்பார். தானே வாளியை விட்டு அள்ளி, முகம் கழுவி, வாய் கொப்பளித்துத் துப்பிவிட்டு, ஒரு கதிரை கேட்டு வாங்கி முற்றத்தில் உட்காருவார். அந்த வீட்டு ஆட்களுக்கு முன்னால் தன் போத்தலைத் திறந்து குடிப்பார். பிறகுதான் கதை தொடங்கும். இளையவர்களான எங்களுக்கு இது பகிடி. “சேருக்கு வேர்வை கூட” என்று எங்களுக்குள் சிரிப்போம். நான் மோட்டார் சைக்கிள்காரன். எனக்கு வேர்க்கவும் இல்லை, உட்கார நேரமும் இல்லை.

போர் முடிந்து சில காலத்துக்குப் பிறகு, ஒரு மழைக்காலம் ஓய்ந்தபோது, கொழும்புத்துறையில் கடற்கரையை ஒட்டிய ஒழுங்கை ஒன்றிலிருந்து நெருப்புக்காய்ச்சலோடு மூன்று பேர் பெரியாஸ்பத்திரிக்கு வந்தார்கள். நான் போய்ப் பார்த்தேன். ஒழுங்கை முழுவதற்கும் ஒரே பொதுக் கிணறு. மழை வெள்ளம் மலக்குழிகளைத் தொட்டு வந்திருந்தது.

கிணற்றுக்குக் குளோரின் போடுவது அவசரப்படாமல் ஆறுதலாகச் செய்ய வேண்டிய வேலை. கயிற்றில் கல்லைக் கட்டி ஆழம் பார்க்க வேண்டும், வாயின் அகலம் பார்க்க வேண்டும், அதற்கேற்ற அளவு தூளை வாளித் தண்ணீரில் கரைக்க வேண்டும். கரைத்தவுடன் ஊற்றக்கூடாது. சுண்ணாம்பு அடியில் படிந்து மேலே தெளியும்வரை காத்திருந்து, தெளிவை மட்டும் கிணற்றுக்குள் விட்டு, வாளியை மேலும் கீழும் இழுத்துக் கலக்க வேண்டும். சனம் பாவித்து முடிந்த பின்னேரத்தில் போட்டுவிட்டு, காலையில் வந்து சோதனைக் குழாயில் தண்ணீரை எடுத்து மருந்துத் துளி விட்டால் இளமஞ்சளாக மாற வேண்டும். மாறாவிட்டால் மறுபடியும் முதலிலிருந்து. அந்த ஒழுங்கைக்கு நான் காலையும் பின்னேரமும் போனேன்.

கிணற்றுக்கு அடுத்த வீடு திரேசாவுடையது. கணவர் கடலுக்குப் போகிறவர். திரேசா காலையில் வாசலில் அப்பம் சுட்டு விற்றாள். ஒழுங்கைக்கே அந்த அப்பம்தான் காலைச் சாப்பாடு. ஒவ்வொரு வீட்டிலும் கேட்பது போல அங்கேயும் நாள்தோறும் கேட்டேன்.

“குடிக்கிற தண்ணி கொதிக்க வைச்சதோ? வீட்டிலை ஆருக்கும் காய்ச்சலோ?”

“கொதிக்க வைச்சதுதான் ஐயா. காய்ச்சல் ஒருத்தருக்கும் இல்லை.”

முதல் நாள் அவள் ஒரு தட்டில் தேத்தண்ணீர் கொண்டுவந்தாள். கண்ணாடிக் கிளாஸ், விருந்தாட்களுக்கென்று அலுமாரியில் வைத்திருக்கிற வகை. “வேண்டாம்” என்றேன். அடுத்த நாள் மரத்திலிருந்து இறக்கிய முழு இளநீர் ஒன்றும் பக்கத்தில் ஒரு கத்தியும் இருந்தன. அதற்கும் “வேண்டாம்” என்றேன். அதற்கடுத்த நாள் உடைக்காத சோடாப் போத்தல். கையைக் காட்டி மறுத்துவிட்டு மோட்டார் சைக்கிளை எடுத்தேன். அதன் பிறகு அந்த வீட்டில் எனக்குக் காய்ச்சல் இல்லை என்ற பதிலைத் தவிர எதுவும் வரவில்லை. தொல்லை விட்டது என்றுதான் நினைத்தேன்.

இதை வாசிக்கிற யாழ்ப்பாணத்து ஆட்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை. வெளியிலிருந்து வந்த பிள்ளைகளுக்காக எழுதுகிறேன். எங்கள் ஊரில் ஒரு வீட்டுக்குப் போய், கொடுத்த தண்ணீரைக் குடிக்காமல் வருவதற்கு ஒரு அர்த்தம் உண்டு. சாதி பார்க்கிறவர்கள் சில வீடுகளில் தேத்தண்ணீர் குடிக்கமாட்டார்கள். ஆனால் அந்த வீட்டாரின் கை படாத இளநீரையும் உடைக்காத சோடாவையும் வாங்கிக்கொள்வார்கள். அதையும் வாங்காவிட்டால், அந்த வாசலில் நிற்பதையே விரும்பவில்லை என்று பொருள். திரேசா மூன்று நாளாக என்னிடம் ஒரு கேள்வி கேட்டுக்கொண்டிருந்தாள். நான் மூன்று நாளும் பதில் சொல்லிக்கொண்டிருந்தேன். என்ன பதில் சொல்கிறேன் என்பது எனக்குத் தெரியவில்லை. புத்தூரில் பிறந்து வளர்ந்த எனக்கு அது தெரிந்திருக்க வேண்டும். நான் அப்படிப் பார்க்கிறவன் இல்லை என்பது எனக்குத் தெரிந்திருந்ததால், மற்றவர்களுக்கும் தெரியும் என்று இருந்துவிட்டேன்.

ஒரு கிழமை கழித்து ஆஸ்பத்திரியிலிருந்து தகவல் வந்தது. திரேசாவின் மகள் ஜெசிந்தாவுக்குக் காய்ச்சல் முற்றிக் குடலில் ஓட்டை விழுந்து சத்திரசிகிச்சை செய்திருக்கிறார்கள். பதினாறு வயதுப் பிள்ளை. நான் கிணற்றடியில் நின்று மருந்துத் துளி விட்ட காலைகளில் அவள் உள்ளறையில் பனடோல் மாத்திரையோடு படுத்திருந்திருக்கிறாள். பிள்ளை தப்பியது. மாதக்கணக்கில் படுக்கை. அந்த வருடம் எழுத வேண்டியிருந்த சாதாரண தரப் பரீட்சைக்குப் போகவில்லை, பிறகும் போகவில்லை. என் மகள் ஆரணி அப்போது ஐந்தாம் வகுப்பு. வீட்டுக்கு வந்து அவளுடைய நெற்றியைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தது நினைவிருக்கிறது.

பரிசோதனை முடிவு வரும்வரை அப்பத்தை நிறுத்தச் சொல்ல வேண்டியிருந்தது. சொன்னேன். “அதுக்குப் பயந்துதானே மறைச்சனீங்கள்?” என்று கேட்டேன். திரேசா பதில் சொல்லவில்லை. அந்த மௌனத்தை நான் ஓம் என்று எடுத்துக்கொண்டேன்.

எல்லாம் அடங்கிய பிறகு குலசேகரம் சேர் என் அறிக்கையை வாசித்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

“அங்கை ஒண்டும் குடிக்கேல்லையே?”

“இல்லை சேர்.”

“சரி.”

அந்தச் ‘சரி’யை ஒரு பதக்கம் போல வைத்திருந்தேன்.

இனி சாப்பாட்டு நடைக்கு வருகிறேன். ஆரணி கொழும்பில் விருந்தோம்பல் படித்துவிட்டு, அங்கே வேலை இருந்தும், யாழ்ப்பாணத்துக்கு வந்து இதைத் தொடங்கினாள். சனிக்கிழமை பின்னேரங்களில் ஆறு பேருக்கு மேற்படாமல் சேர்த்துக்கொண்டு பட்டணத்துக்குள் நடப்பாள். ஒரு கடையில் வடை, சந்தையில் பனம்பழச் சாற்றைக் காயவைத்த பனாட்டு, ஐந்துசந்தியில் வாழைப்பழம் பிசைந்து பொரித்த வாய்ப்பனும் தேத்தண்ணீரும், கடைசியில் ஓட்டோ பிடித்து ஒரு வீட்டுக்குப் போய்ப் பனங்கிழங்கு மாவில் காய்ச்சிய ஒடியல் கூழ். வெளிநாட்டிலிருந்து வரும் எங்கள் ஆட்களும் கொழும்புப் பிள்ளைகளும் அதற்குக் காசு கொடுத்து வருகிறார்கள்.

அது தொடங்கிய நாளிலிருந்து சனிக்கிழமைகளில் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஒருவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனால் பிள்ளையின் பெயர் என்னவாகும்? நடந்துகொண்டிருக்கும்போதே அவளுக்குப் போன் எடுப்பேன். “ஐஸ் போடவேண்டாம் எண்டு சொல்லு. சட்னியை மணந்து பார்.” கடைசியில் அவளுக்கு அலுத்துவிட்டது.

“அப்பா, ஒருக்கா வந்து நீங்களே பாருங்கோ. ஆனா கெஸ்டாத்தான் வரவேணும். வாயைத் திறக்கிறது சாப்பிட மட்டும்.”

“உங்கடை அப்பாவைக் கண்டால் கடைக்காரர் அடுப்பை அணைச்சுப்போட்டு ஓடுவினம்” என்றாள் என் மனைவி.

ஓடவில்லை. ஆனால் ஐந்துசந்தியில் நான் கடைக்குள் காலை வைத்ததும் மேசையிலிருந்த துணி மறைந்துவிட்டது. கடைக்கார நானா சிரித்துக்கொண்டு நின்றார்.

“நானா, நான் ரிட்டயர்.”

“உங்களுக்கு ரிட்டயர் ஐயா. எங்கட துவாய்க்கு அது இன்னும் தெரியாதே!”

எங்களோடு வந்தவர்களில் ரொறன்ரோவிலிருந்து வந்த ஒரு பெரியவர் இருந்தார். “தம்பி, நீர் ஆர்? போற இடமெல்லாம் உம்மைக் கண்டு சனம் முழுசுது” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வாய்ப்பனைக் கையில் எடுத்தேன். அந்தக் கடையை எத்தனையோ தடவை பரிசோதித்திருக்கிறேன், ஒரு வாய் தின்றதில்லை. நன்றாக இருந்தது. இவ்வளவு நன்றாக இருந்த ஒன்றை இவ்வளவு காலம் பக்கத்தில் நின்று பார்த்துவிட்டுப் போயிருக்கிறேனே என்று இருந்தது. ஆரணி என்னைப் பார்த்துக் கண்ணடித்தாள். அந்தச் சந்தோசத்தோடுதான் ஓட்டோவில் ஏறினேன்.

ஓட்டோ கொழும்புத்துறைக்குத் திரும்பியபோதுகூட எனக்கு எதுவும் தோன்றவில்லை. ஒழுங்கைக்குள் இறங்கிக் கிணற்றைக் கண்டபோதுதான் தெரிந்தது.

“இது திரேசா அன்ரி. இவ ஜெசி அக்கா. இவைன்ரை கூழைக் குடிச்சால் வேறை கூழ் குடிக்க மனம் வராது” என்று ஆரணி எல்லோருக்கும் அறிமுகம் செய்தாள். அவளுக்கு எதுவும் தெரியாது. வீட்டில் நான் வேலைக் கதை பேசுவதில்லை. ஆனால் அப்பா வருகிறார், அவர் சுகாதாரப் பரிசோதகராக இருந்தவர் என்று முதல் நாளே போனில் சொல்லிப் பெயரையும் சொல்லியிருக்கிறாள்.

முற்றத்தில் பெரிய பானை. நண்டும் றாலும் பயற்றங்காயும் பலாக்கொட்டையும் வெந்து புளி மணத்தோடு கொதித்துக்கொண்டிருந்தது. ஜெசி பனையோலைப் பிளாக்களில் கூழை வார்க்க, திரேசா ஒவ்வொருவராகக் கொடுத்துக்கொண்டு வந்தாள். ரொறன்ரோக்காரர் ஒரு மிடறு குடித்துவிட்டு, “அம்மாணை, இதுக்காக விமானம் ஏறலாம்” என்றார். நான் கையை நீட்டினேன்.

திரேசா உள்ளே போய் ஒரு தட்டோடு வந்தாள். தட்டில் கடையில் வாங்கிய தண்ணீர்ப் போத்தல், சீல் உடைக்காதது. பக்கத்தில் பிரிக்காத பிஸ்கற் பெட்டி.

“ஐயாவுக்கு இது. ஐயா எங்கடை வீட்டிலை வாய் நனைக்கமாட்டார், எனக்குத் தெரியும். உங்களுக்கெண்டு வாங்கி வைச்சனான்.”

குத்தலாகச் சொல்லவில்லை. மரியாதையாகத்தான் சொன்னாள். ஆரணியின் முகம் மாறியது. அவள் யாழ்ப்பாணத்துப் பிள்ளை. தட்டைப் பார்த்தவுடன் விளங்கிவிட்டது.

“அப்பா?” என்றாள்.

“இல்லைப் பிள்ளை, அது வேறை. எனக்கு வேலையிலை ஒரு சட்டம். நான் எந்த வீட்டிலையும் குடிக்கிறேல்லை, எந்தக் கடையிலையும்...”

ஜெசி அகப்பையைப் பானையில் வைத்துவிட்டு நிமிர்ந்தாள். முப்பது வயதிருக்கும். நன்றாகச் சிரிக்கிற முகம்.

“அது எங்களுக்கு எப்பிடி ஐயா தெரியும்? மற்ற வீடுகளிலை நீங்கள் குடிச்சதோ இல்லையோ நாங்கள் கண்டமே? எங்கடை வீட்டிலை குடிக்கேல்லை, அதைத்தான் கண்டம்.”

“அப்பத்தை நிப்பாட்டிப்போடுவன் எண்டு பயத்திலை மறைச்சனீங்கள் எண்டுதான் நான்...”

“அப்பமோ!” ஜெசிக்குச் சிரிப்பு வந்தது. “எனக்குக் காய்ச்சல் எண்ட உடனை அம்மா அப்பச் சட்டியைக் கவிட்டு வைச்சிட்டா. நீங்கள் வாசலைத் திரும்பிப் பார்த்திருந்தால் தெரிஞ்சிருக்கும். நிப்பாட்டச் சொல்லி நீங்கள் வந்தபோது அடுப்பிலை சாம்பலும் இல்லை.”

திரேசா மகளை அடக்கவில்லை. என்னைப் பார்த்து, சாதாரணமாக, நாள் கிழமை சொல்வது போலச் சொன்னாள்.

“எங்கடை கையாலை தண்ணி வாங்காத மனிசனுக்கு உள்ளறைக்குள்ளை படுத்திருக்கிற குமர்ப்பிள்ளையை எப்பிடி ஐயா காட்டுறது? வந்து பாத்து, உங்கடை ஊத்தையாலைதான் எண்டு சொல்லிப்போட்டுப் போவியள் எண்டு நினைச்சன். அதைக் கேக்க எனக்கு ஏலாது. நாளைக்கு மாறிவிடும், நாளைக்கு மாறிவிடும் எண்டு இருந்தன்.”

கொழும்புப் பிள்ளைகள் இரண்டு பேரும் பிளாவைக் கையில் வைத்தபடி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். தட்டைக் கீழே வைத்துவிட்டு, “எனக்கும் கூழ் தாங்கோ” என்றேன்.

“வேண்டாம் ஐயா. இப்ப வேலை இல்லாதபடியால்தானே குடிக்கப் போறியள்” என்றாள் திரேசா.

நான் போத்தலைத் திறந்து அந்தத் தண்ணீரைக் குடித்தேன். வேறு என்ன செய்வதென்று தெரியவில்லை.

வீட்டுப் படலையைத் திறக்கும்போதுதான் ஆரணி சொன்னாள்.

“அப்பா, நான் திரேசா அன்ரியைக் கண்டுபிடிச்சு, அவவைச் சம்மதிக்க வைக்க எவ்வளவு நாள் அலைஞ்சனான் தெரியுமே? வெளியாக்கள் தன்ரை வீட்டிலை குடிப்பினமோ எண்டுதான் அவ திருப்பித் திருப்பிக் கேட்டவ. எனக்கு அந்தக் கேள்வி விளங்கேல்லை. அடுத்த கிழமை அவ மாட்டன் எண்டு சொன்னால் நான் என்ன செய்யிறது?”

அன்று படுத்தபோது குலசேகரம் சேர் நினைவுக்கு வந்தார். ஒவ்வொரு வீட்டுக் கிணற்றிலும் அவர் முகம் கழுவியதும் வாய் கொப்பளித்ததும் கதிரை கேட்டதும். அந்த வீட்டுத் தண்ணீரை அந்த வீட்டு ஆட்களுக்கு முன்னால் வாய்க்குள் எடுத்திருக்கிறார். வாய் நனைக்காதே என்று எனக்குச் சொன்னவர், தான் ஒவ்வொரு வாசலிலும் வாய் நனைத்திருக்கிறார், விழுங்காமல். சட்டத்தின் பாதியை வாயால் சொன்னார், மற்றப் பாதியைச் செய்து காட்டினார். நான் சொன்னதை மட்டும் படித்தேன். செய்ததைப் பார்த்துச் சிரித்தேன். அவர் இப்போது இல்லை. இருந்தால் அந்த ஒற்றைக் கேள்வியை ஏன் கேட்டார் என்று கேட்டிருப்பேன். நான் ‘இல்லை சேர்’ என்றபோது, பிறகு என்ன செய்தீர் என்று அவர் கேட்கக் காத்திருந்தாரோ தெரியாது.

திரேசா ஆரணியை மறுக்கவில்லை. “பிள்ளை என்ன செய்தது?” என்று கேட்டாளாம். அடுத்த சனிக்கிழமை நானும் போனேன். ஆரணிக்கு விருப்பமில்லை, ஆனால் தடுக்கவும் இல்லை. மற்றவர்கள் கூழுக்கு உட்கார்ந்தபோது, “கிணத்திலை முகம் கழுவலாமோ?” என்று கேட்டேன். திரேசா தலையாட்டினாள். அள்ளி முகம் கழுவினேன், வாய் கொப்பளித்தேன். இவ்வளவு பிந்திச் செய்யும்போது அது ஒரு நடிப்புப் போலத்தான் இருந்தது. ஜெசி பார்த்துக்கொண்டு நின்றாள்.

“என்ன ஐயா, வேர்க்குதோ?”

தட்டில் அன்றைக்கும் சீல் போட்ட போத்தல்தான் வந்தது. அதற்கடுத்த சனிக்கிழமையும் அப்படியே. நானும் வாங்கிக் குடித்தேன். கூழ் கேட்கவில்லை. கேட்கும் உரிமை எனக்கு இல்லை என்று இப்போது தெரியும்.

மலர் போடுகிற பிள்ளைகளுக்கு: நான் வகுப்பில் சொன்னதை வெட்டிவிடுங்கள். அவர்கள் வியாபாரத்துக்குப் பயந்து மறைக்கவில்லை. குடிக்காமல் இருக்கும் சட்டம் நல்ல சட்டம், அதை விடச் சொல்லவில்லை. ஆனால் ஏன் குடிக்கவில்லை என்பதை அந்த முற்றத்தில் உட்கார்ந்து சொல்லிவிட்டு எழும்புங்கள். அதற்கு ஒரு நிமிடம்தான் தேவை. அந்த ஒரு நிமிடத்தால் ஜெசியை ஒரு கிழமைக்கு முன்னே ஆஸ்பத்திரிக்கு அனுப்பியிருக்கலாம்.

போன சனிக்கிழமையும் போயிருந்தேன். ஜெசிதான் தட்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் பானையடிக்குப் போய்விட்டாள். போத்தலைக் கையில் எடுத்தேன். பழைய பழக்கம், முதலில் கண் போனது மூடிக்கு. மூடிக்குக் கீழே இருக்க வேண்டிய வளையம் அறுந்திருந்தது. முன்னம் ஒரு முறை பாவித்த போத்தல். திரேசா குசினி வாசலில் நின்று பயற்றங்காய் முறித்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்க்கவில்லை.

ஒரு வாய் குடித்தேன். கடற்கரைக் கிணற்றின் உவர் நாக்கில் தெரிந்தது. முழுவதையும் குடித்தேன். கொதிக்க வைத்ததா என்று கேட்கவில்லை.